எட்டுச் சனிக்கிழமைக்கு காசு கட்டி ஆறு கிளாஸ் படிச்ச கதை

முதல்லயே சொல்லிப்போடுறன், இது ஆரையும் குத்திக் காட்ட எழுதுறதில்ல, அதாலதான் கோர்ஸ் நடத்தின ஆக்கள்ட பேரும் படிப்பிச்ச சேர்ட பேரும் இதில போடல்ல. மட்டக்களப்புக்குள்ள நேசரி டீச்சரா இருக்கிறவங்களும் சண்டே ஸ்கூல் எடுக்கிறவங்களும் நோட்டீஸ் கண்டிருந்தா எதைச் சொல்றன் எண்டு விளங்கும். பிள்ளைகளின் பிறர்நல நடத்தை விருத்தியும் ஆரம்பகாலக் கிறிஸ்தவ வேதநூல்களும் எண்டு வாய்க்குள்ள நுழையாத ஒரு தலைப்பு (பிறர்நல நடத்தை எண்டா மற்றாக்களுக்கு உதவுறது, பங்கு குடுக்கிறது), எட்டு சனிக்கிழமை, காலம 9ல இருந்து 12 மட்டும், 6000 ரூபா, தேத்தண்ணியும் சேர்ட்டிபிகேட்டும் உள்ளுக்கு. இப்ப அடுத்த பட்ச்சுக்கு ஆள் எடுக்கிறாங்களாம், நாலு பேர் என்னட்ட போகலாமா வேணாமா எண்டு கேட்டுட்டாங்க, ஒவ்வொருத்தருக்கும் வொய்ஸ் போட்டு தொண்டை கட்டிப் போச்சு, அதான் ஒரேயடியா எழுதுறன்.

நான் 11 வருசமா சண்டே ஸ்கூல்ல சின்னாக்கள் வகுப்பு எடுக்கிறன், கிழமை நாளில கல்லடிப் பக்கம் ஒரு நேசரி. உண்மையைச் சொன்னா படிக்கிற ஆசையில போகல்ல, சேர்ட்டிபிகேட் ஒண்டு கிடைச்சா ஃபைலுக்குள்ள வெக்கலாம் எண்டுதான் போனன்.

மண்டபம் புளியந்தீவுக்குள்ள. ஜன்னலால பாத்தா வாவி தெரியும், ஆஹா காத்து வரும் எண்டு நினைப்பீங்க, காத்து வாவியோடயே நிண்டுரும். நாலு ஃபேன், ரெண்டு சுத்தும், அதில ஒண்டு கத்தும். பிளாஸ்டிக் கதிரை, மூண்டு மணித்தியாலம் இருந்தா முதுகு சொல்லும் கதை. ஆனா ஆக்கள் நல்ல ஆக்கள், முப்பது பேருக்கு மேல, மெதடிஸ்ட், கத்தோலிக்கம், சின்னச் சின்ன சபை ஆக்கள், சைவப் புள்ளைகள் ரெண்டு மூண்டு பேர், காத்தான்குடியில இருந்து ரெண்டு முன்பள்ளி டீச்சர்மார், அக்கரைப்பத்தில இருந்து ஒரு அக்கா வெள்ளண்ணவே பஸ் ஏறி எங்க எல்லாருக்கும் முதல் வந்து முன் கதிரையில இருப்பா.

முதல் நாளே ஒரு கூத்து. ஏறாவூர்ப் பக்கமிருந்து ஒரு தங்கச்சி ரெண்டு வயசு மகனையும் தூக்கிக்கொண்டு வந்திருந்தா, வீட்டில பாக்க ஆள் இல்லயாம். பதியிற மேசையில இருந்த அம்மா, கிளாஸுக்கு சின்னப்புள்ள ஏலா, சத்தம் போடும், வெளிய வெச்சுக்கொண்டு நில்லுங்க எண்டுட்டா. புள்ளைகளைப் பத்தின கோர்ஸ், வாசல்ல புள்ளைக்கு இடமில்ல. அந்தத் தங்கச்சி அரை மணித்தியாலம் வெளிய மாமர நிழல்ல நிண்டுட்டு போயிட்டா, அடுத்த கிழமை வரவேயில்ல. கட்டின காசு திரும்பிக் குடுத்தாங்களா எண்டு தெரியா. இதுக்கு மறுகா வாறன்.

சேர் நல்ல மனுசன். அறுபது வயசு இருக்கும், வேட்டி சாரம் எல்லாம் இல்ல, சாதாரண சேர்ட், கையில எப்பவும் ஒரு பழைய பை. ஒரேயொரு குறை, ஒரு நாளும் 9 மணிக்கு தொடங்கினது கிடையாது.

முதல் கிளாஸ் முழுக்க சின்னப்புள்ளைகள் உதவி செய்றது பத்தி. 2006ல வார்னெகன், டொமசெல்லோ எண்டு ரெண்டு பேர் சயன்ஸ் சஞ்சிகையில போட்ட ஆய்வு. 18 மாசப் புள்ளைகள் 24 பேர். பெரிய ஆள் ஒருத்தர் உடுப்புக் காயப்போடேக்க கிளிப்பை கை தவறி விழுத்திப்போட்டு எடுக்க எட்டாம கையை நீட்டுவார், இல்லாட்டி கை நிறைய புத்தகம் வெச்சுக்கொண்டு அலுமாரிக் கதவில முட்டுவார். புள்ளைகள் கேக்காமலே போய் எடுத்துக் குடுக்குதுகள், கதவைத் திறந்து விடுதுகள். ஆனா அதே ஆள் கிளிப்பை வேணுமெண்டே எறிஞ்சா அவ்வளவா எடுத்துக் குடுக்கிறதில்ல. அதாவது கீழ கிடக்கிறதை எடுக்கிற விளையாட்டில்ல இது, அந்த ஆளுக்கு அது தேவையா இல்லயா எண்டு புள்ளைக்கு விளங்குது.

எனக்கு இதை நம்ப ஏலாம இருந்திச்சு, ஏனெண்டா நேசரியில நான் பாக்கிறது மூண்டு வயசு ஆள் மற்ற ஆள்ட தலையில கட்டையால போடுறதைத்தான். சரி எண்டு அண்டைக்கு பின்னேரமே தம்பிட மகளை வெச்சுப் பாத்தன், அவக்கு அப்ப 19 மாசம். வளவில கொடியில துணி போட்டுக்கொண்டே ஒரு கிளிப்பை விழுத்திப்போட்டு ஐயோ எண்டு கையை நீட்டினன். மண்ணில இருந்து விளையாடிக்கொண்டிருந்தவ எழும்பி, ரெண்டு தரம் விழப் பாத்து, நடந்து வந்து எடுத்து என்ட கையில தந்தா. மற்றதை வேலிப் பக்கம் வேணுமெண்டே எறிஞ்சன், கிறுகிக் கூடப் பாக்கல்ல. மூண்டாவதையும் விழுத்தினன், அதையும் எடுத்தா, தரல்ல, நேரா வாய்க்குள்ள. அதோட என்ட ஆய்வு முடிஞ்சிது, தம்பிட பொஞ்சாதிட்ட ஏச்சும் வாங்கினன்.

இதுக்குப் பிறகுதான் எனக்கு அடி விழுந்த கிளாஸ். அதே ரெண்டு பேரும் 2008ல இன்னொரு ஆய்வு செஞ்சிருக்காங்க, 20 மாசப் புள்ளைகளோட. உதவி செஞ்ச உடன கொஞ்சப் பேருக்கு விளையாட்டுச் சாமான் மாதிரி ஒரு பரிசு, கொஞ்சப் பேருக்கு நல்ல புள்ள எண்டு வாயால பாராட்டு, மிச்சப் பேருக்கு ஒண்டுமில்ல. மறுகா திரும்பவும் உதவி தேவைப்படுற மாதிரி செஞ்சு பாத்தா, பரிசு வாங்கின புள்ளைகள்தான் குறைய உதவி செஞ்சிருக்குதுகள், ஒண்டும் வாங்காத புள்ளைகள் பழையபடியே செஞ்சிருக்குதுகள். சும்மா இருந்த ஆசையை நாங்கதான் கூலி வேலையா மாத்துறம் எண்டு சேர் சொன்னார். நான் தலையைக் குனிஞ்சுகொண்டு இருந்தன், ஏனெண்டா என்ட வகுப்புச் சுவரில ஒரு பெரிய ஸ்டார் சார்ட் தொங்குது, கதிரை அடுக்கினா ஒரு ஸ்டார், பைபிள் எடுத்துக் குடுத்தா ஒரு ஸ்டார், அஞ்சு ஸ்டாருக்கு ஒரு டொஃபி, 11 வருசமா! எத்தனை பெட்டி டொஃபி எண்டு கணக்குப் பாத்தா கோர்ஸ் காசை விடக் கூட வரும்.

20 மாசப் புள்ளைக்கு சொன்னதை ஆறு வயசுப் புள்ளைக்கு அப்பிடியே போட ஏலுமா எண்டு அக்கரைப்பத்து அக்கா கேட்டா, நல்ல கேள்வி, சேரும் ஓம் கவனமாத்தான் எடுக்கணும் எண்டு ஒத்துக்கொண்டார். ஆனாலும் நான் வீட்டுக்கு வந்து சார்ட்டைக் கழட்டிட்டன். அடுத்த ஞாயிறு ஒரு பொடியன் கதிரையைப் பிடிச்சுக்கொண்டே, டீச்சர் இண்டைக்கு அடுக்கினா என்ன தருவீங்க எண்டான். ஒண்டுமில்ல மனே எண்டன். கதிரையை வெச்சுட்டு போயிட்டான். மூண்டு கிழமை நானே தனிய அடுக்கினன், அதையும் இதில எழுதத்தானே வேணும்.

ஹேண்டவுட் பத்தி ஒரு முறைப்பாடு. சேர் நல்ல தமிழ் கதைப்பார், ஆனா தாளை ஆரோ இங்லிஷில இருந்து சொல்லுக்குச் சொல் மாத்தியிருக்காங்க. அதில 2014ல வந்த ஒரு ஆய்வு இருந்திச்சு, மூண்டில இருந்து ஆறு வயசுப் புள்ளைகள்ட்ட உதவி செய்யச் சொல்லாம உதவி செய்ற ஆளா இருக்கச் சொன்னா கூட உதவி செய்யுதுகளாம், செய்ற வேலையை விட தான் எப்பிடியான ஆள் எண்டதுதான் புள்ளைக்கு பெரிசு. நல்ல விசயம். ஆனா தாளில அதை பிள்ளைகளை உதவியாளராக இருக்கச் சொல்லுங்கள் எண்டு போட்டிருக்கு. எங்கட ஊரில உதவியாளர் எண்டா கச்சேரியில, அதான் அரசாங்கக் கந்தோரில, சோதினை எழுதி வேலைக்கு வாற முகாமைத்துவ உதவியாளர்தானே. நான் சும்மா பகிடிக்கு வகுப்பில, ஆருக்கு உதவியாளரா இருக்க விருப்பம் எண்டு கேட்டன், ஒரு பொம்புளப்புள்ள கை உயர்த்தி எங்கட அம்மா சோதினை எழுதி வெயிட் பண்றா டீச்சர் எண்டுது. இங்லிஷில ஒரு சின்னச் சொல் மாத்தத்தில நடக்கிற வேலை தமிழில அதே சொல்லில நடக்குமா எண்டு ஒருத்தரும் யோசிக்கல்ல. நான் இப்ப கை குடுக்கிற புள்ள எண்டு சொல்றன். ஆர் இஞ்ச கை குடுக்கிற புள்ள எண்டா ஓடி வருதுகள், அது ஆய்வாலயா இல்லாட்டி ஓடுற ஆசையாலயா எண்டு தெரியா.

நாலாவது கிளாஸ்ல இருந்து வேதநூல் பக்கம். இதில எனக்கு தெரியாதது மிச்சம் கிடந்திச்சு எண்டு ஒத்துக்கொள்றன். 1814ல வில்லியம் ஓல்ட் ஐயர் எண்ட மெதடிஸ்ட் பாதிரியார் வந்து பள்ளிக்கூடம் தொடங்கினதில இருந்து கணக்குப் பாத்தாலும் இந்த ஊரில பைபிள் படிப்பிச்சு 200 வருசம் தாண்டிட்டு, ஆனா புதிய ஏற்பாட்டில முதல் எழுதினது மத்தேயு இல்ல, பவுல்ட கடிதங்கள் எண்டு அந்த மண்டபத்தில அரைவாசிப் பேருக்குத் தெரியா. தெசலோனிக்கேயர் முதல் கடிதம் கிபி 50 அளவில, மாற்கு 70 அளவில, மத்தேயும் லூக்காவும் அதுக்குப் பிறகு, யோவான் 90க்குப் பிறகு எண்டுதான் பெரும்பாலான ஆய்வாளர்கள் சொல்றாங்க. இப்ப எங்கட கையில இருக்கிற மாதிரியே 27 புத்தகத்தையும் அடுக்கின பட்டியல் 367ல அத்தனாசியு ஆயர் எழுதின கடிதத்திலதான் வருது. ஒரு ஐயா எழும்பி அப்ப அதுக்கு முதல் 300 வருசம் என்னத்தை வாசிச்சாங்க எண்டு கோவமாக் கேட்டார், சேர் சிரிச்சுக்கொண்டு, கிடைச்சதை வாசிச்சாங்க ஐயா, ஒரு ஊரில ஒரு கடிதம் இருந்தா பக்கத்து ஊர் கேட்டு வாங்கிப் பாத்தெழுதிக்கொள்ளும் எண்டார்.

பிறகு பைக்குள்ள இருந்து ஒரு சின்ன மட்டையை எடுத்து கை மாத்தி கை மாத்தி எல்லாருக்கும் காட்டினார். யோவான் நற்செய்தியில ஒரு துண்டு, எகிப்தில 1920ல வாங்கினது, 1935லதான் இது என்ன எண்டு அச்சில வந்திச்சு, இப்ப மன்செஸ்டர்ல ஜோன் ரைலன்ட்ஸ் நூலகத்தில இருக்கு. புதிய ஏற்பாட்டுத் துண்டுகளில மிகப் பழசு இதுதான் எண்டு கன பேர் சொல்றாங்க, ரெண்டாம் நூற்றாண்டு எண்டு வெக்கிறாங்க, சிலர் அதுக்கும் பிந்தி இருக்கலாம் எண்டும் சொல்றாங்க. 9 சென்ரிமீற்றருக்கு 6 சென்ரிமீற்றர் வராது. நான் என்ட ஐடென்டி கார்டை எடுத்துப் பக்கத்தில வெச்சுப் பாத்தன், கிட்டத்தட்ட அதே அளவு. ரெண்டு பக்கமும் எழுத்து, இயேசுவை விசாரிச்ச ரோம ஆளுநர் பிலாத்துவும் இயேசுவும் கதைக்கிற இடம், ஒரு பக்கம் அரைகுறையா நிக்குது, திருப்பினா அங்கால சத்தியம் எண்டா என்ன எண்டு பிலாத்து கேக்கிற பக்கம். போட்டோகொப்பிதான், ஆனா எல்லாரும் அதைப் பிடிச்ச விதத்தைப் பாக்கணும், விரலால தொடாம விளிம்பில பிடிச்சாங்க.

இப்ப மாற்கு 10. சின்னப்புள்ளைகளை இயேசுட்ட கொண்டு வாறாங்க, சீஷர்கள் ஏசுறாங்க, அதைக் கண்டு இயேசு... இந்த இடத்தில ரெண்டு பைபிளைத் திறக்கச் சொன்னார். எங்கட பழைய மொழிபெயர்ப்பில விசனமடைந்து எண்டு கிடக்கு. பக்கத்தில இருந்த கத்தோலிக்க மிஸ் அவட பைபிள்ல இருந்து கோபம் கொண்டு எண்டு வாசிச்சா. நான் சின்னதில இருந்து இந்த இடத்தை வாசிக்கேக்க இயேசு கவலைப்பட்டு நிக்கிற மாதிரித்தான் மனசுல படம் ஓடும், ஏனெண்டா விசனம் எண்டா எங்கட வீட்டுப் பாசையில கவலைதானே, அம்மம்மா ஒரே விசனம் விசனம் எண்டு சொல்லுவா. கிரேக்கத்தில அது நல்ல காரமான சொல்லாம், கொதிச்சுப் போறது. இதே கதை மத்தேயுவிலயும் லூக்காவிலயும் வருது, ஆனா ரெண்டிலயும் அந்தக் கோவம் இல்ல. மாற்கில புள்ளைகளைக் கையில அணைச்சுக்கொள்றார், அந்த அணைக்கிறதுக்கு போட்ட கிரேக்கச் சொல் புதிய ஏற்பாடு முழுக்க ரெண்டு இடத்திலதான் வருது, ரெண்டும் மாற்கு, ரெண்டும் புள்ளைகளோட. மத்தேயுவும் லூக்காவும் அதையும் விட்டிட்டாங்க.

சேர் இதைச் சொல்லி முடிக்கிறதுக்குள்ள பின் வரிசையில ஒரு ஆள் மெல்லத் திரும்பி வாசல் பக்கம் பாத்துது. மறுகா இன்னொரு ஆள். கொஞ்ச நேரத்தில முழு மண்டபமும் பதியிற மேசையைப் பாக்குது. அந்த அம்மா ரெஜிஸ்டரை எடுத்து வேகமா எழுதத் தொடங்கிட்டா, எழுத ஒண்டும் இல்லாட்டியும்.

அடுத்த கிழமைதான் என்ட கிளாஸ், அப்பிடித்தான் நான் சொல்லுவன், ஏனெண்டா என்னைத் தூக்கிப் போட்ட கிளாஸ். அஞ்சு அப்பம் ரெண்டு மீன் கதை, அதான் அதை வெச்சு இயேசு ஆயிரக்கணக்கான ஆக்களுக்கு சாப்பாடு குடுத்து 12 கூடை மிஞ்சின கதை. சேர் ஒரு வெள்ளைத் தாளைத் தந்து, இந்தக் கதையை நீங்க புள்ளைகளுக்குச் சொல்ற மாதிரியே எழுதுங்க எண்டார். நான் பத்து நிமிசத்தில ஒரு பக்கம் எழுதிட்டன், எத்தனை தரம் சொன்ன கதை. ஒரு சின்னப் பொடியன், அம்மா கட்டிக் குடுத்த சாப்பாடு, எல்லாருக்கும் பசி, பொடியன் தானா எழும்பி வந்து ஆண்டவரே என்ட சாப்பாட்டை எடுங்க எண்டு ரெண்டு கையாலயும் குடுக்கிறான், இயேசு அவன்ட தலையைத் தடவுறார். எங்கட வகுப்புப் படத்தில கூட அப்பிடித்தான் கிடக்கு. எழுதி முடிய இப்ப யோவான் 6ஐத் திறந்து, நீங்க எழுதினது எது எது அங்க இருக்கு எண்டு கோடு போடுங்க எண்டார்.

அம்மா இல்ல. பொடியன் எழும்பி வாறது இல்ல. குடுக்கிறதே இல்ல! அந்திரேயா எண்ட சீஷர் இஞ்ச ஒரு பையன் இருக்கான், அவன்ட்ட அஞ்சு வாற்கோதுமை அப்பமும் ரெண்டு மீனும் இருக்கு, இது இத்தனை பேருக்கு எம்மாத்திரம் எண்டு சொல்றார், அவ்வளவுதான். அடுத்து ஆக்களை இருத்துறாங்க, இயேசு அப்பத்தை எடுக்கிறார். பொடியன் ஓம் எண்டானா, அழுதானா, காசு வாங்கினானா ஒண்டும் இல்ல. மற்ற மூண்டு நற்செய்தியிலயும் பொடியனே இல்ல, மாற்கில இயேசு உங்கட்ட எத்தனை அப்பம் இருக்கு, போய்ப் பாருங்க எண்டு சீஷர்கள்ட்டத்தான் கேக்கிறார். மீனுக்கு யோவான் போட்ட சொல்லும் அப்பத்தோட தொட்டுக்கிற கறி மாதிரி ஒரு சொல்லாம், வாற்கோதுமை ஏழைகள்ட சாப்பாடு. எங்கட ஊரில எண்டா ரொட்டியும் ஒரு துண்டுக் கருவாடும் எண்டு வெச்சுக்கொள்ளுங்க.

எனக்கு முதல்ல கோவம்தான் வந்திச்சு. 11 வருசமா நான் பொய்யா சொன்னன். சேர் அதை விளங்கிக்கொண்ட மாதிரி, கதையை நிரப்புறது பிழையில்ல டீச்சர், ஆனா நிரப்பினது நாங்க எண்டு எங்களுக்குத் தெரிஞ்சிருக்கணும் எண்டார். பிறகுதான் ரெண்டு பக்கத்தையும் சேத்துக் கட்டினார், கோர்ஸ்ல அந்த ஒரு இடம்தான் ரெண்டு பக்கமும் உண்மையா ஒட்டினது. 2013ல ப்ரௌனெல் எண்ட ஆய்வாளரும் ஆக்களும் 18 மாசம், 30 மாசப் புள்ளைகளோட தாய் தகப்பன் படப்புத்தகம் வாசிக்கிறதைப் பாத்திருக்காங்க. இந்தப் புள்ளைக்கு கவலை, அந்தப் புள்ளைக்கு சந்தோசம் எண்டு தாங்களே சொல்லிக்கொண்டு போன பெற்றோரை விட, இவருக்கு இப்ப எப்பிடி இருக்கும், ஏன் எண்டு புள்ளைட்டயே கேட்டுக் கதைக்க வெச்ச பெற்றோர்ட புள்ளைகள்தான் மற்றவைக்கு கூடக் குடுக்கிற, உதவுற புள்ளைகளா இருந்திருக்குதுகள். அப்ப யோவான் விட்டு வெச்ச அந்த வெறும் இடத்தை நான் நிரப்பி வெச்சா புள்ளைக்கு யோசிக்க என்ன மிஞ்சும்?

ஆறாவது கிளாஸ் ரெண்டு துண்டு. ஒண்டு, பைபிளுக்குள்ள வராத பழைய புத்தகங்கள். தோமா பேரில ஒரு குழந்தைப்பருவ நற்செய்தி இருக்கு, ரெண்டாம் நூற்றாண்டுக் காலம் எண்டு சொல்றாங்க, அதில அஞ்சு வயசு இயேசு ஓய்வுநாளில களிமண்ணால 12 சிட்டுக்குருவி செஞ்சு கையைத் தட்டிப் பறக்க விடுறார், இன்னொரு இடத்தில தோளில இடிச்ச புள்ள விழுந்து சாகுது, யோசேப்பு இவர்ட காதைப் பிடிச்சு முறுக்கிறார். மண்டபம் முழுக்க சிரிப்பு. காத்தான்குடி டீச்சர்மார் ரெண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் பாத்துக்கொண்டாங்க, மறுகா அதில மூத்தவ, ஈஸா நபி களிமண்ணால பறவை செஞ்சு ஊதினது எங்கட குர்ஆனிலயும் இருக்கு சேர், ரெண்டு இடத்தில வருது எண்டா. காதை முறுக்கினது மட்டும் இல்ல எண்டு சிரிச்சா. பிறகு தேத்தண்ணி நேரத்தில எல்லாரும் அவவைச் சுத்தித்தான், அண்டைக்கு பற்றிஸ் கூட மிஞ்சிச்சு.

மற்றத் துண்டுலதான் பிரச்சினை. மதப்பற்றுள்ள வீட்டுப் புள்ளைகள்தான் குறையப் பங்கு குடுக்குதுகள் எண்டு 2015ல வந்த ஒரு ஆய்வை ஸ்லைட்ல போட்டார். டெசெட்டி எண்டவரும் ஆக்களும், ஆறு நாடு, ஆயிரத்துக்கு மேல புள்ளைகள், ஸ்டிக்கர் குடுத்து மற்றப் புள்ளைக்கு எத்தனை விடுறீங்க எண்டு பாத்தது. மண்டபத்தில ஒரே முணுமுணுப்பு. அப்ப கம்பஸ் படிக்கிற ஒரு தம்பி போனை நோண்டிக்கொண்டிருந்தவன் எழும்பி, சேர் இது வாபஸ் வாங்கின ஆய்வெல்லோ எண்டான். சேர்ட முகம் போன போக்கு. கண்ணாடியைக் கழட்டி அந்தத் தம்பிட போனை வாங்கி அதில நிண்டு வாசிச்சார், வாசிச்சிட்டு, ஓம், எனக்குத் தெரிஞ்சிருக்க வேணும், பழைய ஸ்லைட் எண்டார். எனக்கு அந்த ஒரு வசனத்துக்காகவே அந்த மனுசனைப் பிடிச்சுப் போச்சு, எங்கட ஊரில மேடையில நிண்டுகொண்டு பிழை எண்டு சொன்ன ஆளை நான் கண்டது குறைவு.

நடந்தது என்னண்டா, ஆறு நாட்டுக்கும் 1, 2, 3 எண்டு நம்பர் குடுத்து கொம்பியூட்டர்ல போட்டிருக்காங்க, அது வெறும் அடையாளத்துக்கு. கணக்குப் பாக்கேக்க அதை உண்மையான எண் மாதிரி எடுத்திட்டுது, ஒரு நாடு மற்ற நாட்டை விட ரெண்டு மடங்கு எண்ட மாதிரி. நேசரியில மஞ்சள் குழு 1, பச்சைக் குழு 2 எண்டு வெச்சுப்போட்டு பச்சை மஞ்சளை விட இரட்டிப்பு எண்டு சொல்ற மாதிரித்தானே! அசீம் ஷரீஃப் எண்ட இன்னொரு ஆய்வாளர் இதைக் கண்டுபிடிச்சு 2016ல எழுதினார். சரியாப் போட்டுப் பாத்தா கன வித்தியாசத்துக்கு மதத்தை விட எந்த நாட்டுப் புள்ள எண்டதுதான் பெரிய காரணம் எண்டு வந்திச்சு, மதப்பற்றோட உள்ள தொடர்பில ஒரு பங்கு மிஞ்சுது எண்டு டெசெட்டி ஆக்களே சொன்னாலும், அவங்களே 2019ல ஆய்வைத் திருப்பி எடுத்துக்கொண்டாங்க.

2019 எண்டு சேர் சொன்ன உடன மண்டபம் கப்சிப். இஞ்ச அந்த வருசத்தைச் சொன்னா ஆருக்கும் ஆய்வு ஞாபகம் வராது. ஏப்ரல் 21, ஈஸ்டர் ஞாயிறு, இந்த ஊர் சியோன் தேவாலயத்தில குண்டு வெடிச்ச நாள், சண்டே ஸ்கூல் முடிஞ்சு வெளிய நிண்ட புள்ளைகள். நான் அந்த சபை இல்ல, ஆனா இந்த ஊரில சண்டே ஸ்கூல் எடுக்கிற ஒருத்தரும் அதை மறந்து ஒரு ஞாயிறு காலம வகுப்புக் கதவைத் திறக்கிறதில்ல. சேரும் விளங்கிக்கொண்டார், அடுத்த ஸ்லைட் போடல்ல, சும்மா நிண்டார். பக்கத்தில இருந்த காத்தான்குடி டீச்சர் அவட தண்ணிப் போத்தலை என்ட பக்கம் தள்ளி வெச்சா. நான் எடுத்துக் குடிச்சன்.

அதுக்கு முதல் ஒரு நாள் டார்லி, பேட்சன் எண்டவங்கட 1973 ஆய்வும் சொன்னார், அதை விட்டா என்ட மனம் ஆறாது. பிரின்ஸ்டன்ல குருத்துவம் படிக்கிற 40 பேர், அதில கொஞ்சப் பேர் நல்ல சமாரியன் கதையை (வழியில அடிபட்டுக் கிடந்த ஆளுக்கு ஒரு வழிப்போக்கன் உதவின பைபிள் கதை) பத்திப் பேசத்தான் போறாங்க, போற வழியில ஒரு ஆள் இருமிக்கொண்டு விழுந்து கிடக்கு. அவசரமில்லாம போனவங்களில 63 வீதம் நிண்டு உதவி செஞ்சாங்க, கடும் அவசரத்தில போனவங்களில 10 வீதம்தான், என்ன பேசப் போறாங்க எண்டதால பெரிய வித்தியாசம் வரல்ல. சேர் 25 நிமிசம் சுணங்கி வந்து இதைச் சொன்னார். அந்தக் கணக்குப்படி பாத்தா ஒரு நாளும் அவசரப்படாத எங்கட சேர்தான் மட்டக்களப்பிலயே பெரிய சமாரியர்.

இனி காசுக் கதை. ஏழாவது எட்டாவது கிளாஸ் நடக்கல்ல. ஏழாவது நாள் நாங்க எல்லாம் போய் நிக்கிறம், கேட் பூட்டு, வட்சப்பில ஒம்பதரைக்கு மெசேஜ் வருது இண்டைக்கு சூம்ல எண்டு. அக்கரைப்பத்து அக்கா பஸ்ஸால இறங்கி நிக்கிறா. சூமும் இருபது நிமிசத்தில கட் ஆகி அதோட சரி. கேட்டா மண்டபம் வேற நிகழ்ச்சிக்கு குடுத்திட்டாங்களாம். ரெண்டு கிளாஸ் காசைத் திருப்பித் தருவம் எண்டாங்க, 1500 ரூபா. சேர்ட்டிபிகேட் வந்திச்சு, என்ட பேரில ஒரு எழுத்துப் பிழை, திருத்திக் கேட்டா 200 ரூபா அச்சுக்கூலியாம். நான் பேனையால திருத்திட்டன்.

போகலாமா எண்டு கேட்டவங்களுக்கு, போங்க, சேருக்காகப் போங்க. ஆனா முழுக்காசையும் முதலே கட்டாதீங்க, கிளாஸ் கிளாஸா கட்டலாமா எண்டு கேளுங்க. இருக்க ஒரு தலகாணி கொண்டு போங்க. பைபிள் ரெண்டு மொழிபெயர்ப்பு கொண்டு போனா அந்த மாற்கு கிளாஸ் ருசிக்கும். கைப்புள்ள இருக்கிறவங்க முதலே போன் பண்ணி, புள்ளையோட வரலாமா எண்டு கேட்டு, ஓம் எண்டு மெசேஜ்ல எழுதி வாங்கிக்கொள்ளுங்க. ஹேண்டவுட்டை நம்பாதீங்க, கொப்பியில எழுதுங்க.

போன மாசம் எங்கட வகுப்பில திரும்ப அஞ்சு அப்பம் பாடம் வந்திச்சு. இந்த முறை படத்தைக் காட்டல்ல, யோவான்ல உள்ளதை மட்டும் வாசிச்சுப்போட்டு, அந்தப் பொடியனுக்கு எப்பிடி இருந்திருக்கும் எண்டு கேட்டுட்டு வாயை மூடிக்கொண்டு இருந்தன். முதல்ல ஒருத்தரும் கதைக்கல்ல. பிறகு ஒருத்தி, அவனுக்கும் பசி டீச்சர் எண்டாள். இன்னொருத்தன், அவன் குடுக்கல்ல, பெரியாக்கள் பறிச்சிருப்பாங்க எண்டான். அம்மா ஏசுவா, கடைக்கு குடுத்து விட்ட சாமான் அது எண்டு ஒரு ஆள். ஸ்டார் கேட்டுக் கதிரையை வெச்சிட்டுப் போனானே அந்தப் பொடியன், அவன் கனநேரம் யோசிச்சுப்போட்டு, டீச்சர் அந்த மிச்சம் 12 கூடையில அவனுக்கு ஒண்டு குடுத்தாங்களா எண்டு கேட்டான். நான் திரும்ப வாசிச்சுப் பாத்தன், அதுவும் எழுதல்ல. அண்டைக்கு பாடம் முடிய மணி பன்னிரண்டரை.

அந்த 1500 ரூபா இண்டை வரைக்கும் வரல்ல. வந்தா இதில ஒரு வரி சேத்து விடுறன்.